ஏணியில் நின்றவர்

டிசம்பர் 9, செவ்வாய்

மழை விட்டாயிற்று. வெயில் இன்னும் வரவில்லை. எர்ணாவூரில் தண்ணீர் வடியவே இல்லை என்று பஸ்ஸில் பேச்சு. இறங்குகிற இடத்தில் கணுக்கால் வரை சேறு. லேபில் ஒரு மாற்றுச் செருப்பு வைக்க வேண்டும்.

கல்ச்சர் ரூமில் சேஃப்டி கேபினெட் காலையிலேயே அலறியது. காற்று இழுப்பைக் காட்டும் முள் எழும்பவே இல்லை. "பயன்படுத்தாதீர்" என்று பெரிதாக எழுதி ஒட்டினேன். சர்வீஸ் ஆள் அடுத்த வாரம்தான் வருவாராம். டாக்டர் மேடம் (லேப் முழுக்க அவர் பொறுப்பு) சொன்னது: யூரின் மட்டும் இங்கே டேபிளில், ரத்தம், சளி எல்லாம் வெளி லேபுக்கு. சரி.

ஏசியும் ஒழுகுகிறது. சுவர் ஊறி பெயிண்ட் பொருமியிருக்கிறது. ஆஸ்பத்திரி எலக்ட்ரீஷியன் தாஸிடம் மறுபடி சொன்னேன். "கம்பெனிக்காரன் வரமாட்டேங்கிறான் மேடம்."

இரவு சாப்பாட்டில் நிலா கேட்டாள், கேபினெட் கெட்டால் என்ன, ஜன்னலைத் திறந்து வைக்கலாமே என்று. சொன்னேன்: அதற்குள் கையை மட்டும் விட்டு வேலை செய்வோம், கிருமிக் காற்று முகத்துக்கு வராமல் அதுவே உள்ளே இழுத்து வடிகட்டிக்கொள்ளும், இழுக்கவில்லை என்றால் அது வெறும் கண்ணாடி அலமாரி. "அப்போ நீ மூச்சு விடாம வேலை பண்ணும்மா" என்றாள். இவருக்குச் சிரிப்பில் புரையேறியது.

வாங்க: சுகர் மாத்திரை, கிராஃப் நோட்டு, கொசுவர்த்தி.

டிசம்பர் 10, புதன்

மூட்டம். தலைவலி.

ஐசியூ ஏழாம் பெட்டின் ரத்த பாட்டில் மெஷினில் கத்தியது. அதாவது உள்ளே ஏதோ வளர்கிறது. எர்ணாவூர் ஆள், டேங்கர் லாரி கழுவுகிறவர், ஐம்பது வயசு, சுகர். வெள்ளத்தில் நின்று வீட்டுச் சாமான் எடுத்தவர். பிறகு விடாத காய்ச்சல்.

ஸ்டெல்லா டேபிளிலேயே வைத்து அதைத் தட்டில் பரப்பி வளர்க்கும் வேலையை ஆரம்பித்துவிட்டாள். காசிமேட்டுப் பெண், என்னைவிடப் பதினைந்து வயசு சின்னவள். கை சுத்தம், வாய் வேகம்.

"வெளி லேபுக்குன்னு மேடம் சொன்னாங்கல்ல?"

"அவுங்க வண்டி தண்ணில மாட்டிகினு கீதாம்கா. நாளிக்கித்தான் வருமாம். ஐசியூ டாக்டரு நாலு தபா போன் பண்ட்டாரு. அதுக்குள்ள அந்தாளு பூட்டாருன்னா?"

மாஸ்க் சரியாகப் போடு என்று மட்டும் சொல்லிவிட்டு ரிப்போர்ட் டைப் செய்யப் போனேன்.

நிலாவுக்கு இருமல். கஷாயம்.

டிசம்பர் 12, வெள்ளி

எங்கே ஆரம்பிப்பது.

காலையில் நல்ல வெயில், பல நாளுக்குப் பிறகு. கல்ச்சர் ரூம் கதவைத் தள்ளினேன். உள்ளே மண் வாசனை. காய்ந்த தரையில் முதல் தூறல் விழுந்தால் வருமே, அது. மூன்றாம் மாடி, ஜன்னலே திறக்காத அறை. ஒரு நொடி நன்றாக இருந்தது. இன்னொரு முறை இழுத்துக்கூடப் பார்த்தேன். இதை எழுதவே கூசுகிறது.

ஊறிய சுவர் என்று நினைத்தேன். கூரையில் பதித்த ஏசிக்குக் கீழே ஏணி, அதன் மேல் ஒரு ஆள், மூடியைக் கழற்றிக்கொண்டிருந்தார். தலையும் தோளும் அதற்குள். அப்பாடா, தாஸ் ஒருவழியாக ஆள் அனுப்பிவிட்டான் என்று நினைத்துக்கொண்டேன். கல்ச்சர் ரூமில் வேலை நடக்கும்போது வெளியாள் வரக்கூடாது என்பது எனக்கே அப்போது நினைவில் இல்லை.

ஸ்டெல்லா ஏழாம் பெட்டின் கல்ச்சர் தட்டைக் கையில் வைத்திருந்தாள். மூடி திறந்திருந்தது.

"அக்கா, வாசன இதுலேர்ந்துதான் வருது! இன்னாமா மணக்குது பாரேன்." மாஸ்க்கை இறக்கி மூக்கருகே கொண்டுபோனாள்.

கத்தினேன். என்ன கத்தினேன் என்று தெரியாது. "மூடு" என்றிருப்பேன். தட்டில் பார்த்துவிட்டேன். சுருங்கிய, உலர்ந்த, மடிப்பு மடிப்பான வளர்ச்சி. சேற்றிலும் வெள்ளத்திலும் இருப்பது. முகர்ந்து பார்க்கவே கூடாது என்று படித்தபோது அடிக்கோடிட்ட கிருமி அதுதான் என்று மனசு சொன்னது.

தட்டை மூடி டேப் சுற்றினேன். இரண்டு பையில் போட்டுக் கட்டினேன். "எல்லாரும் வெளிய" என்றேன். ஸ்டெல்லாவைத் தோளைப் பிடித்து முன்னால் தள்ளினேன். கதவைச் சாத்தி, உள்ளே போகாதீர் என்று எழுதி ஒட்டினேன். கை கழுவினோம், முழங்கை வரை. ஸ்டெல்லா அழுதாள். "அக்கா, நான் பூவ மோந்துக்கிற மாரி மோந்துகினேன்கா."

டாக்டர் மேடம் வந்து உட்கார்ந்தார். கோபப்படவில்லை. அதுதான் பயமாக இருந்தது. "ரூம்ல யார் யார் இருந்தீங்க?"

ஸ்டெல்லா. நான். பிறகு நினைவு வந்தது: ஏணி.

"எந்த ஏணி?"

ரெஜிஸ்டரில் பெயர் இல்லை. ஏசி கம்பெனிக்கு போன் செய்தால், "இன்னிக்கு உங்க ஆஸ்பத்திரிக்கு ஆளே அனுப்பலையே மேடம்." தாஸைக் கேட்டால், "எனக்குத் தெரியாது." அந்த ஆள் முகத்தை ஸ்டெல்லா பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை. நான் பார்த்தது கால் மட்டும். என் கண் உயரத்தில் ஏணிப்படியில் இரண்டு கால். இடது பாதத்தில் கட்டு, அதன் மேல் பால் கவர் மாதிரி ஒரு பிளாஸ்டிக் சுற்றி நூலால் கட்டியிருந்தது.

"ஆறாத புண்ணு. சுகரா இருக்கும். சுகர்காரங்களைத்தான் இது முதல்ல பிடிக்கும்" என்றார் டாக்டர் மேடம் மெதுவாக. பிறகு என்னைப் பார்த்தார். "கௌசல்யா, உங்களுக்கும் சுகர் இருக்கில்ல?"

இருக்கிறது.

டிசம்பர் 13, சனி

தட்டை அனுப்பியிருந்த பெரிய லேபிலிருந்து போன். அதேதான். மெலியாய்டோசிஸ், அந்தச் சேற்றுக் கிருமியின் நோய். ஏழாம் பெட்டுக்கு மருந்தை மாற்றிவிட்டார்கள்.

எங்கள் இருவருக்கும் ரத்தம் எடுத்து வைத்தார்கள். மாத்திரை காலையும் மாலையும், மூன்று வாரம். காய்ச்சல் இருவேளையும் பார்க்க வேண்டும். மாத்திரை சுண்ணாம்புக் கட்டி மாதிரி தொண்டையில் நிற்கிறது.

மத்தியானம் வராந்தா கேமராவைப் போட்டுப் பார்த்தோம். டாக்டர் மேடம், மேனேஜர், நான். நானும் ஸ்டெல்லாவும் வெளியே வருகிறோம். நான் கதவைச் சாத்துகிறேன். காகிதம் ஒட்டுகிறேன். போகிறோம். வராந்தா காலி. மேனேஜர் நிறுத்தப் போனார். "கொஞ்சம் இருங்க" என்றார் டாக்டர் மேடம்.

காலி வராந்தா. மூடிய கதவு. ஒன்றுமே நடக்கவில்லை. ரொம்ப நேரம் கழித்து, கதவு உள்ளிருந்து திறந்தது. முதலில் ஏணியின் நுனி. பிறகு ஏணி. பிறகு அதைத் தோளில் சுமந்த ஆள், முகத்தை ஏணி மறைக்க, இடது காலைச் சாய்த்துச் சாய்த்து நடந்து போனார். கதவைத் திரும்பி ஒழுங்காகச் சாத்திவிட்டுப் போனார்.

நான்தான் மூடினேன். அவர் உள்ளே.

ஏசிக் காற்றாடியை ஓட்டிப் பார்த்திருப்பார், அந்தச் சத்தத்தில் நான் கத்தியது கேட்டிருக்காது என்றேன் கடைசியில். என் குரல் எனக்கே யாரோ பேசுவது மாதிரி கேட்டது.

வீட்டில் என் தட்டு, டம்ளரைத் தனியாக வைத்தேன். ஆளிடமிருந்து ஆளுக்கு இது அப்படியெல்லாம் ஒட்டாது, எனக்கே தெரியும். இருந்தாலும். இவர் ஹார்பரில் கிரேன் ஓட்டிவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தார். நான் நகர்ந்தேன்.

"இன்னா கௌசி, தள்ளித் தள்ளிப் போற?"

சொன்னேன், எல்லாவற்றையும். கேட்டுவிட்டு எழுந்து போய் என் தட்டை எடுத்து வந்து அவர் தட்டோடு சேர்த்து வைத்தார். "நீ படிச்சது பொய்யா? ஒட்டாதுன்னா ஒட்டாது." பிறகு, "அந்தாளு யாருன்னு கண்டுபுடி" என்றார்.

காய்ச்சல் இல்லை.

டிசம்பர் 14, ஞாயிறு

லீவு இல்லை. தூறல்.

ஐசியூ வாசலில் ஏழாம் பெட்டின் மனைவி. சுவரில் சாய்ந்து தரையில் உட்கார்ந்திருந்தார். நான் லேப் என்று தெரிந்ததும் எழுந்தார்.

"மேடம், அவரு காலத் தூக்குங்கிறாரு. கட்டிலுக்கு அடில தண்ணி ஏறிகினு கீதாம். இங்க ஏது மேடம் தண்ணி? நான் குனிஞ்சு தடவிப் பாத்தேன். காஞ்சு கீது. சொன்னா கேக்க மாட்றாரு. இடுப்பாண்ட வந்திருச்சுங்கிறாரு."

காய்ச்சலில் அப்படித்தான் பேசுவார்கள் என்றேன்.

"ஆனா மேடம், அவரு துணி நனஞ்ச மாரி சில்லுனு கீதே."

வியர்வை. வியர்வைதான். அந்தம்மா கையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மேலே போகும்போது மாடிப்படியின் ஓரத்திலேயே ஏறினேன். நடுவில் தண்ணீர் நிற்கிற மாதிரி.

பஸ்ஸில் மண் வாசனை. தலையணையில் மண் வாசனை. மூக்கா, மனசா? நிலாவை முகர்ந்து பார்க்கச் சொன்னேன். "ஷாம்பு வாசனைம்மா" என்றாள்.

டிசம்பர் 15, திங்கள்

ஏழாம் பெட் விடிகாலையில் இறந்துவிட்டார். மருந்து மாற்றியது பிந்திவிட்டது. நான் போனபோது படுக்கையைக் கழுவி, மெத்தையைத் திருப்பிப் போட்டிருந்தார்கள். தரை ஈரம். கழுவிய ஈரம்.

தாஸ் மத்தியானம் லேப் வாசலில் வந்து நின்றான். உள்ளே வரவில்லை. முகம் வெளுத்திருந்தது.

"மேடம், நான்தான் இட்டாந்தேன். கம்பெனிக்காரன் இழுத்தடிச்சான், நீங்களும் கேட்டுகினே இருந்தீங்க. வெளியாள உட்டேன்னு தெரிஞ்சா மேனேஜர் என்ன வெளிய அனுப்பிடுவாரு. அதான் வாயத் தொறக்கல."

மணி. ஏசி மணி என்றால் வியாசர்பாடியில் தெரியுமாம். தனியாள். போன்?

"சனிக்கெழம அடிச்சேன், எடுத்தான். சும்மா ஜொரம்னான். நேத்திலேர்ந்து ஸ்விட்ச் ஆஃப்."

சனிக்கிழமையே ஜுரம் என்று தெரிந்தும்? கேள்வி வாய் வரை வந்தது. அவன் கண்ணைப் பார்த்ததும் கேட்கவில்லை. பிளாக் நம்பர் வாங்கிக்கொண்டேன். ஷிஃப்ட் விட்டுப் போக முடியவில்லை. டாக்டர் மேடம், "நாளைக்குக் காலைல முதல் வேலை அதான்" என்றார்.

ஸ்டெல்லாவுக்கு மாத்திரையால் கை முழுக்கத் தடிப்பு. வேறு மாத்திரை மாற்றினார்கள்.

டிசம்பர் 16, செவ்வாய்

நானும் ஸ்டெல்லாவும் போனோம். வியாசர்பாடி ஹவுசிங் போர்டு குடியிருப்பு. ஒரே மாதிரி பிளாக்குகள், ஒரே மாதிரி படிக்கட்டு. கீழே பையன்கள் தேங்கிய தண்ணீரைச் சுற்றி ஃபுட்பால். இங்கேயும் வெள்ளம் நின்றிருக்கிறது. சுவரில் பழுப்புக் கோடு என் இடுப்புக்கு மேலே.

மூன்றாவது மாடி. எதிர் வீட்டு அக்கா கதவைப் பாதி திறந்தார்.

"மணியா? உள்ளதான் கீறான். சனிக்கெழம கட நாஸ்டா வாங்கிகினு வந்தவன், அப்பால வெளியவே வர்ல. ஒரே இருமலு. எங்க வூட்டுக்காரரு கத்திகினே இருந்தாரு, தூங்க முடிலன்னு." நிறுத்தினார். "நேத்து சாய்ந்தரத்திலேர்ந்து சத்தமே இல்ல. சரியாப் பூட்ச்சுன்னு நெனச்சுகினோம்."

தட்டினோம். கூப்பிட்டோம். உள்ளே ஃபேன் ஓடும் சத்தம். கதவு பூட்டியில்லை, ஆனால் திறக்கவும் இல்லை. உள்ளே ஏதோ தடுத்தது. தள்ளினால் இரண்டு விரல் அகலம் விட்டு நின்றது. ஸ்டெல்லா அந்த இடுக்கில் கண்ணை வைத்தாள்.

"அக்கா... கால்."

நான் பார்த்தேன். தரையில் கால், உள்ளங்கை அகலத்துக்குத்தான் தெரிந்தது. இடது கால். அதே பிளாஸ்டிக், அதே நூல். அசையவில்லை.

கீழே ஃபுட்பால் ஆடிய பையன்களில் இரண்டு பேர் ஓடி வந்தார்கள். நான் அவர்களை நிறுத்தி, என் பையிலிருந்து மாஸ்க் எடுத்துப் போடச் சொன்னேன். "சாவுற நேரத்துல இன்னாக்கா" என்றான் ஒருவன். "போட்டாத்தான் தள்ளலாம்" என்றேன். போட்டார்கள். தள்ளினார்கள். கதவுக்கு அண்டை கொடுத்திருந்த ஏணி உள்பக்கமாகச் சரிந்து பெரிய சத்தம் போட்டது.

அந்தச் சத்தத்துக்கு அவர் கண் திறந்தார்.

அடுப்பு மாதிரி உடம்பு. மூச்சு மேலே மேலே. உதடு வெடித்திருந்தது. ஸ்டெல்லா தண்ணீரில் துணி நனைத்து வைத்தாள். நான் ஆம்புலன்ஸுக்கும் டாக்டர் மேடத்துக்கும் போன் செய்தேன். மருந்து எது என்று ஐசியூ போகும் முன்னாலேயே எங்களுக்குத் தெரியும். அது ஒன்றுதான் எங்கள் கையில் இருந்தது.

ஆம்புலன்ஸில் என்னையே பார்த்துக்கொண்டு வந்தார். என்னை அவருக்குத் தெரியாது. மாஸ்க் போட்ட பெண் யாரோ.

காய்ச்சல் இல்லை. (எனக்கு.)

டிசம்பர் 19, வெள்ளி

கேபினெட் சரியாகிவிட்டது. சர்வீஸ் ஆள் புகை விட்டுக் காட்டினார். புகை வெளியே வராமல் உள்ளே வளைந்து போனது. கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மணியின் ரத்த பாட்டில் கத்தியது. நான்தான் எடுத்தேன். கவுன், இரட்டை க்ளவுஸ், இறுக்கமான மாஸ்க். வெளியே கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஸ்டெல்லா நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். அதுவும் இப்போது விதி: ஒருவர் வேலை, ஒருவர் காவல். அறையில் கேபினெட்டின் இரைச்சல் மட்டும். எந்த வாசனையும் இல்லை. வாசனை வரக்கூடாது, வந்தால் ஏதோ தவறு. இருந்தும் மூக்கு அதைத் தேடிக்கொண்டே இருந்தது.

மாலை மீட்டிங். மேனேஜர் தீர்மானமாக இருந்தார். "வியாசர்பாடியும் வெள்ளத்துல இருந்துச்சு. கால்ல புண்ணு. அங்கயே வந்திருக்கும். நம்ம ரெஜிஸ்டர்ல பேரே இல்லாத ஆளை நாம எதுக்கு ரிப்போர்ட்ல கொண்டு வரணும்?"

வெள்ளத்திலிருந்தும் வந்திருக்கலாம். அது உண்மை. எங்கிருந்து என்று யாராலும் அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் அவர் அந்த அறையில் இருந்தார்.

"சார், நான் அவர் காலைப் பாத்தேன்" என்றேன். "கதவை மூடினது நான். ரூம்ல இருந்தவங்கன்னு எழுதினா மூணு பேர். ரெண்டு எழுதினா அது பொய்."

"கேமரா பதிவு இன்னும் கொஞ்ச நாள்ல அழிஞ்சிடும்" என்றார் அவர், யாரையும் பார்க்காமல்.

சுவர் ஓரம் நின்றிருந்த தாஸ், "நான்தான் சார் இட்டாந்தேன்" என்றான். அவ்வளவுதான் சொன்னான்.

டாக்டர் மேடம் பேனாவைத் திறந்தார். மூடினார். மறுபடி திறந்து கையெழுத்துப் போட்டார். மூன்று பேர். மணியின் மருத்துவம் முழுக்க ஆஸ்பத்திரி பொறுப்பு என்று கீழே தன் கையாலேயே ஒரு வரி சேர்த்தார். மேனேஜர் எழுந்து போய்விட்டார். தாஸ் வேலை என்னாகும் தெரியாது.

சுகர் ஏறியிருக்கிறது. இனிப்பு வேண்டாம். பயத்துக்கும் ஏறும் என்கிறார் இவர்.

டிசம்பர் 24, புதன்

குளிர். காசிமேட்டில் நட்சத்திரம் கட்டிவிட்டார்கள். ஸ்டெல்லா கேக் கொடுத்தாள். ஒரு துண்டு மட்டும். (பெரிய துண்டு.)

மணிக்கு ஜுரம் இறங்கியது. வார்டுக்கு மாற்றினார்கள். பெரம்பூரிலிருந்து அவர் அக்கா வந்து கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தார். நான் போய் நின்றேன். யார் என்று சொன்னேன். கதவை மூடியது நான் என்றும் சொன்னேன்.

"ஓ, கத்துனது நீங்களா?" குரல் பாதிதான் வந்தது. "ஏசிக்குள்ள தல இருந்துச்சா, காத்தாடி சத்தம். யாரோ கத்துறாங்கன்னு கேட்டுச்சு, இன்னான்னு புரீல. அப்பால கதவு சாத்துற சத்தம். சரி, ஏசி ரூம்ல, குளிரு வெளிய போவக் கூடாதுன்னு சாத்துறாங்கன்னு நெனச்சேன்."

"தனியா இருந்தீங்களே."

யோசித்தார். "தனியாத்தான். ஆனா மேடம், இன்னான்னு தெரில, கீழ யாரோ நின்னுகினு பாக்குற மாரியே இருந்துச்சு. ரெண்டு தபா குனிஞ்சு பாத்தேன். ஆளு இல்ல. அதான் சீக்கிரம் முடிச்சுட்டுக் கெளம்பிட்டேன்."

அவர் அக்கா, "சும்மா இரு நைனா, ஜொரத்துல ஒளறிகினு" என்று வாயில் கஞ்சியை வைத்தார்.

இன்னும் சில மாதம் மாத்திரை விடாமல் சாப்பிட வேண்டும், நடுவில் நிறுத்தினால் உள்ளே தூங்கிக் கிடப்பது எழுந்துவிடும் என்று மட்டும் சொன்னேன். இரண்டு தரம் சொன்னேன். அவருக்கா, எனக்கா தெரியவில்லை.

டிசம்பர் 29, திங்கள்

வெயில். துணி காய்ந்தது.

எங்கள் இரண்டாவது ரத்தப் பரிசோதனை சுத்தம். ஸ்டெல்லா கட்டிப்பிடித்துக்கொண்டாள். மாத்திரை இன்னும் சில நாள். அதன் பிறகும் காய்ச்சல் வந்தால் சாதாரணம் என்று விடக்கூடாது. அது ரொம்ப காலத்துக்கு.

தாஸ் வேலையில் இருக்கிறான். மெமோ மட்டும்.

புது விதிகள் கதவில் ஒட்டினோம். டாக்டர் மேடம் சொல்ல, நான் எழுதினேன். கேபினெட் முள் பார்க்காமல் தொடங்காதே. எதையும் முகராதே. வேலை நேரத்தில் வெளியாள் இல்லை. கடைசியாக ஒன்று நானே சேர்த்தேன்: கதவை மூடும் முன் உள்ளே திரும்பி, மேலேயும் பார்த்து, யாராவது இருக்கிறீர்களா என்று சத்தமாகக் கேள்.

சாயங்காலம் வேலை முடிந்தது. கவுனைக் கழற்றினேன். கை கழுவினேன். விளக்கை அணைக்கும் முன் கேட்டேன், சத்தமாக. வெளியே நின்ற ஸ்டெல்லா சிரித்தாள். "ஆருக்கா கீறாங்க அங்க?"

யாரும் இல்லை. கதவை மூடினேன். இரண்டடி போனேன். திரும்பி வந்து மறுபடி திறந்தேன்.